காலத்தை வளைக்கும் பாடகர் குழு: ஒலி நாடகம் தயாரிக்கப் புதிதாக வருபவர்களுக்கு ஒரு வழிகாட்டி

ஒரு பாடகர் குழு பாடத் தொடங்கினால் அதைக் கேட்பவர்களின் காலம் மெதுவாகிறது. இந்தக் கருவை வைத்து ஏறக்குறைய இருபது நிமிட ஒலி நாடகம் ஒன்றை, தேவாலயப் பாடகர்கள் சிலருடைய உதவியோடு தயாரித்து முடித்திருக்கிறேன். கதை எழுதுவது எனக்குக் கடினமாக இருக்கவில்லை. கதைக்குள் இருக்கும் காலத்தைக் காதுக்குக் கேட்கும்படி செய்வதும், பாடியவர்களின் உரிமைகளை முறையாக எழுதி வாங்குவதும், பதிப்புரிமை விண்ணப்பத்தைக் குறையின்றி அனுப்புவதும்தான் பெரும்பாடாக இருந்தன. பதிவுக்கூடத்துக்குள் நுழைந்த பிறகு மாற்றும் ஒவ்வொரு முடிவும் பணத்தையும் நாட்களையும் தின்றுவிடும் என்பதால், எதை எப்போது முடிவு செய்ய வேண்டுமோ அந்த வரிசையிலேயே இதை எழுதியிருக்கிறேன். சட்டத் தகவல்கள் இந்தியாவுக்கு உரியவை.

1. கதைக்கு முன்பே காலத்தின் விதியை எழுதி முடியுங்கள்

வெள்ளைத் தாள் ஒன்றில் மூன்று கேள்விகளுக்கு விடை எழுதுங்கள். பாட்டு யாரைப் பாதிக்கிறது? எவ்வளவு பாதிக்கிறது? பாட்டு நின்றதும் என்ன ஆகிறது? என் நாடகத்தில், நான்கு குரல்களும் சேர்ந்து ஒலிக்கும்போது அதைக் காதால் கேட்பவர்களுக்கும் அவர்களைச் சுற்றியுள்ள பொருள்களுக்கும் காலம் மெதுவாகும், பாடுகிறவர்களுக்கு ஆகாது. இந்த ஒரு விதியிலிருந்தே இரண்டு விஷயங்கள் தாமாகக் கிடைத்தன. பாடகர்கள் தங்கள் சொந்த ஆயுளைச் செலவழித்துத்தான் பிறருக்கு நேரம் வாங்கித் தருகிறார்கள் என்பது ஒன்று. காது கேளாத மணியடிப்பவர் ஒருவர் மட்டும் பாடகர்களின் காலத்திலேயே இயங்குவார் என்பது மற்றொன்று. விதி தெளிவாக இருந்தால் பாத்திரங்களைத் தேடி அலைய வேண்டியதில்லை.

இங்கே பலரும் விட்டுவிடும் நான்காவது கேள்வி ஒன்று உண்டு: ஒலிவாங்கி யாருடைய காலத்தில் நிற்கிறது? மேடை நாடகத்துக்கு இது தேவையில்லை. ஒலி நாடகத்துக்கு இதுவே அடித்தளம். ஒலிவாங்கி பாடகர்களோடு நின்றால், பாட்டு இயல்பாகக் கேட்கும். வெளியே அடிக்கும் மணியும் பெய்யும் மழையும் மெதுவாகி, சுருதியிலும் தாழ்ந்து ஒலிக்கும். ஒலிவாங்கி மெதுவானவர்களோடு நின்றால், அவர்களைச் சுற்றியுள்ளவை இயல்பாக இருக்கும். பாட்டுத்தான் விரைந்து, சுருதி ஏறிக் கேட்கும். ஒவ்வொரு காட்சியின் தலைப்பிலும் ஒலிவாங்கி நிற்கும் இடத்தைக் குறித்து வையுங்கள். ஒரே காட்சிக்குள் அது இடம் மாறினால் கேட்பவருக்கு எதுவும் புரியாது.

2. வேக விகிதத்தைச் சுருதியோடு பொருத்துங்கள்

ஓர் ஒலிப்பதிவை மெதுவாக ஓட்டினால் சுருதியும் அதே விகிதத்தில் இறங்கும். பாதி வேகத்தில் ஒரு ஸ்தாயி இறங்கும். மூன்றில் இரண்டு பங்கு வேகத்தில் பஞ்சம (ச–ப) இடைவெளியும், நான்கில் மூன்று பங்கு வேகத்தில் மத்திம (ச–ம) இடைவெளியும் இறங்கும். ஆகவே மனம்போன போக்கில் விகிதம் வைக்காதீர்கள். நான்கில் மூன்று என்று வைத்துக்கொண்டால், பாட்டின் சுருதிக்குச் சுத்த மத்திமத்தில் ஒலிக்கும் ஆலய மணி, காலம் மெதுவானதும் சரியாக ஆதார ஷட்ஜத்தில் (அடிப்படை ச) வந்து இறங்கும். உலகமே பாட்டின் சுருதிக்குள் வந்து சேர்ந்துவிட்டது போன்ற அந்த உணர்வை வேறு எந்த ஒலி வித்தையாலும் என்னால் கொண்டுவர முடியவில்லை.

ஐந்தில் நான்கு பங்கு என்பதைத் தவிர்ப்பது நல்லது. அப்போது கிடைக்கும் அந்தர காந்தார (ச–க) இடைவெளிக்கும், தேவாலயத்து ஆர்கனிலோ கீபோர்டிலோ உள்ள அதே இடைவெளிக்கும் ஏறத்தாழ 14 சென்ட் (அரைச் சுரத்தில் நூறில் ஒரு பங்கு ஒரு சென்ட்) வேறுபாடு இருப்பதால், இரண்டும் சேரும்போது சுருதி பிசகியது போலக் கேட்கும். பஞ்சமத்திலும் மத்திமத்திலும் இந்த வேறுபாடு 2 சென்ட் அளவே. காது அதைப் பொருட்படுத்தாது.

அடுத்த பொறி, மெதுவானவர்களின் காலத்தில் நடக்கும் காட்சிகளில் இருக்கிறது. அங்கே பாட்டு நான்கில் மூன்றின் தலைகீழ் விகிதத்தில் விரைவாகக் கேட்க வேண்டும். பதிவு செய்ததை மென்பொருளில் அப்படியே விரைவாக்கினால், மனிதக் குரல் கார்ட்டூன் பாத்திரத்தின் குரலாகிவிடும். இதற்குச் செலவு குறைந்த தீர்வு, பாட்டை இரண்டு முறை உண்மையாகவே பாட வைப்பதுதான். நிமிடத்துக்கு 72 தட்டில் ஒருமுறையும், மத்திம அளவு ஏற்றிய சுருதியில் 96 தட்டில் ஒருமுறையும் பதிவு செய்யுங்கள். இதற்கு இடம் வேண்டும் என்பதற்காக, இசையமைக்கும்போதே அடிப்படைச் சுருதியைத் தாழ்வாக வைத்துக்கொள்ளச் சொல்லுங்கள். இல்லையென்றால் சோப்ரானோ (நான்கு குரல்களில் மிக உயர்ந்தது) பாடுகிறவர்களுக்கு இரண்டாவது பதிவில் குரல் எட்டாது.

நாடகத்தின் நீளத்தையும் இந்தக் கட்டத்திலேயே கணக்கிடுங்கள். மூன்றில் இரண்டு பங்கு வேகம் என்றால் 10 வினாடி மழைச் சத்தம் 15 வினாடி ஆகிவிடும்.

3. பாடல் வரிகளை மாத்திரை பார்த்து எழுதுங்கள்

குறிலுக்கு ஒன்று, நெடிலுக்கு இரண்டு, மெய்க்கு அரை என்று மாத்திரை கணக்கிடும் மொழியில் எழுதுகிறோம். அந்தக் கணக்கு இங்கே நேரடியாகப் பயன்படும். நீட்டிப் பாடும் இடத்தில் நெடில் வர வேண்டும். அல்லது ம், ன், ல் போன்று அடங்கி ஒலிக்கக்கூடிய மெய் வர வேண்டும். குற்றியலுகரத்தில் (சொல்லின் கடைசியில் அரை மாத்திரையாகக் குறுகி ஒலிக்கும் உகரம்) முடியும் சொற்களை அங்கே வைக்காதீர்கள். 'நேற்று', 'இன்று' ஆகிய இரண்டும் இந்தக் கதைக்கு மிகவும் தேவைப்படும் சொற்கள் என்பதால் எல்லோரும் அவற்றை வரியின் கடைசியில் வைத்துவிடுகிறார்கள். நான்கு தட்டு நீட்டியதும் அரை மாத்திரை உகரம் முழு ஊகாரமாகி, சொல்லே சிதைந்துவிடுகிறது. 'காலம்', 'நேரம்', 'நாள்' ஆகியவை பாதுகாப்பானவை. 'நாளை' என்பதை நீட்டும்போது சிலர் ஏகாரமாகவும் சிலர் ஐகாரமாகவும் பாடுவார்கள். எப்படிப் பாடுவது என்று ஒத்திகையிலேயே முடிவு செய்து எழுதிக் கொடுங்கள்.

96 தட்டில் பாடும்போது எதிர்ச் சிக்கல் வரும். 'ட்க', 'ற்ப' போல வல்லினம் அடுத்தடுத்து வரும் இடங்களில் பன்னிரண்டு பேரின் நாவும் ஒரே நொடியில் புரளாது. வரிகளை எழுதியதும் இரண்டு வேகத்திலும் நீங்களே உரக்கப் படித்துப் பாருங்கள்.

கதை நகர்வதற்கு அவசியமான சொற்களை நான்கு குரலுக்கும் பிரித்துக் கொடுக்காமல், எல்லோரும் ஒரே சுரத்தில் பாடும் இடத்தில் வையுங்கள். குரல்கள் முன்பின்னாகப் பின்னிச் செல்லும் இடத்தில் சொற்கள் கேட்கும், ஆனால் விளங்கா.

4. பழைய பாடலை எடுத்தால் ஒவ்வோர் உரிமையையும் தனியாகப் பாருங்கள்

புதுப் பாட்டு எழுத நேரமில்லை என்று பழைய கீர்த்தனையை எடுப்பவர்கள் உண்டு. இந்தியாவில் 1957 ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டப்படி, பாடலின் சொற்கள் இலக்கியப் படைப்பு. மெட்டு இசைப் படைப்பு. பதிவு செய்த ஒலி மூன்றாவது உரிமை. முதல் இரண்டுக்கும் படைத்தவர் இறந்த ஆண்டுக்கு அடுத்த ஆண்டின் தொடக்கத்திலிருந்து 60 ஆண்டுகள் பாதுகாப்பு உண்டு. 1965 இல் இறந்தவரின் பாடல் வரிகள் 2025 முடியும்வரை பாதுகாப்பில் இருந்தன என்று கணக்கிட வேண்டும். ஒலிப்பதிவுக்கு, அது வெளியான ஆண்டுக்கு அடுத்த ஆண்டிலிருந்து 60 ஆண்டுகள்.

இருநூறு ஆண்டுப் பழைய பாடலுக்கு நாற்பது ஆண்டுகளுக்கு முன் யாராவது புது மெட்டுப் போட்டிருக்கலாம். உங்கள் குழுவினர் சிறு வயதிலிருந்து பாடி வருவது அந்த மெட்டாகவே இருக்கலாம். நான்கு குரலுக்கான ஒத்திசை அமைப்பை எழுதியவரும் தனி ஆள். தேவாலயங்களில் கை மாறி வந்த டானிக் சோல்ஃபா (சுரங்களை எழுத்துகளால் குறிக்கும் முறை) தாள்களில் பெரும்பாலும் அவர் பெயர் இருக்காது. பெயர் இல்லாத தாளை உரிமை இல்லாத தாள் என்று எடுத்துக்கொள்ள வேண்டாம். ஐயம் இருந்தால் புதிதாக எழுதி வாங்குவதே நல்லது.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். 'பாடினால் காலம் வளையும்' என்ற கருவை வேறு யாரோ ஏற்கெனவே எழுதிவிட்டார்களே என்று தயங்க வேண்டாம். கருவுக்குப் பதிப்புரிமை கிடையாது, அது வெளிப்படும் வடிவத்துக்குத்தான் உண்டு என்பதை உச்ச நீதிமன்றம் 1978 ஆம் ஆண்டுத் தீர்ப்பு ஒன்றில் தெளிவாக்கியிருக்கிறது.

5. பாடகர்களிடம் கையெழுத்து வாங்குங்கள்

இந்தக் கட்டுரையில் எதைப் படிக்காவிட்டாலும் இதைப் படியுங்கள். பாடகர்கள் நிகழ்த்துக் கலைஞர்கள். அவர்களுக்குச் சட்டப்படி தனி உரிமை 50 ஆண்டுகளுக்கு உண்டு. 'நம் பிள்ளைகள்தானே, கேட்கவா போகிறார்கள்' என்று வாய்ச்சொல்லோடு விட்டுவிடும் வழக்கம் நம்மிடம் இருக்கிறது. அது அவர்களுக்கும் நியாயமில்லை, உங்களுக்கும் பாதுகாப்பில்லை.

உரிமை எழுதி வாங்கும் தாளில் நான்கு செய்திகள் கட்டாயம் இருக்க வேண்டும். முதலாவது, காலம்: எத்தனை ஆண்டுகளுக்கு என்று குறிப்பிடாவிட்டால், ஐந்து ஆண்டுகளுக்கு மட்டுமே கொடுத்ததாகச் சட்டம் கொள்ளும். இரண்டாவது, நிலப்பரப்பு: அதைக் குறிப்பிடாவிட்டால் இந்தியாவுக்குள் மட்டும் என்று பொருள். இணையத்தில் ஏற்றிய மறுநிமிடமே யாழ்ப்பாணத்திலும் டொரான்டோவிலும் கேட்கப்படும் நாடகத்துக்கு இது எவ்வளவு பெரிய ஓட்டை என்று நினைத்துப் பாருங்கள். மூன்றாவது, பயன்படுத்தும் கெடு: வேறு விதமாக எழுதியிராவிட்டால், உரிமையை வாங்கியவர் ஓராண்டுக்குள் பயன்படுத்தவில்லை என்றால் அது காலாவதியாகிவிடும். ஒலி நாடகத் தயாரிப்பு ஓராண்டைத் தாண்டுவது மிகச் சாதாரணம். நான்காவது, பணம்: எவ்வளவு, எப்போது, பிற்காலத்தில் வருமானம் வந்தால் என்ன பங்கு என்பவை.

இவற்றோடு, 'இந்தக் குரலைக் கொண்டு கணினியில் செயற்கைக் குரல் உருவாக்க மாட்டேன்' என்ற வரியையும் நீங்களாகவே சேர்த்துவிடுங்கள். அதைப் படித்த பிறகுதான் எங்கள் குழுவில் சிலர் மனநிறைவோடு கையெழுத்திட்டார்கள். பதினெட்டு வயது நிரம்பாதவர்கள் குழுவில் இருந்தால் அவர்கள் தாமே செய்யும் ஒப்பந்தம் செல்லாது. பெற்றோரோ பாதுகாவலரோ கையெழுத்திட வேண்டும். இசையமைத்தவர், பாடல் எழுதியவர், ஒத்திசை அமைத்தவர் ஆகியோரிடமும் தனித்தனித் தாள் வாங்குங்கள். நாளது தேதியிட்டு, ஒத்திகை தொடங்கும் முன்பே இவற்றை முடித்துவிட்டு, ஒரு நகலை அவர்களிடமே கொடுத்துவிட வேண்டும். வாசகத்தை ஒரு வழக்கறிஞரிடம் ஒருமுறை காட்டி, முத்திரைத் தாள் பற்றியும் கேட்டுக்கொள்ளுங்கள். இதற்கு ஆகும் செலவைத் தயங்காமல் செய்யுங்கள்.

6. இடத்தையும் பருவத்தையும் சேர்த்தே முடிவு செய்யுங்கள்

தேவாலயத்தில் பதிவு செய்ய விரும்பினால், பங்குத்தந்தையிடமோ சேகரக் குழுவிடமோ எழுத்தில் அனுமதி கேளுங்கள். தேதி, மணி, மின்சாரப் பயன்பாடு, வருகிறவர்களின் எண்ணிக்கை ஆகியவற்றோடு கதைச் சுருக்கத்தையும் இணைத்துவிட வேண்டும். ஆலயத்துக்குள் காலம் மெதுவாவது போன்ற கதை என்பதைப் பிறகு கேள்விப்பட்டால் மனத்தாங்கல் வரும். முன்பே நேர்மையாகச் சொன்னால் பெரும்பாலும் புரிந்துகொள்கிறார்கள். அனுமதியை எழுத்திலேயே பெற்றுக்கொள்ளுங்கள்.

நவம்பர் தொடங்கினால் பாடகர்களுக்குக் கிறிஸ்துமஸ் ஒத்திகையும், வீடு வீடாகப் பாடிச் செல்லும் கீத பவனியும் வந்துவிடும்; அதே மாதங்களில் வடகிழக்குப் பருவமழை தகரக் கூரையில் கொட்டும். தவக்காலத்திலும் புனித வாரத்திலும் கேட்கவே கூடாது. மார்ச், ஏப்ரலில் மாணவர்களுக்குத் தேர்வு, ஆசிரியர்களுக்குத் திருத்தும் பணி. எனவே பொங்கலுக்குப் பிந்தைய சில வாரங்களும், ஜூன் முதல் ஆகஸ்ட் வரையான மாதங்களும்தான் உண்மையில் கைக்குக் கிடைப்பவை. மின்விசிறியையும் குளிர்சாதனத்தையும் நிறுத்தித்தான் பதிவு செய்ய வேண்டும் என்பதால், வெயில் ஏறும் நேரத்தைத் தவிர்த்து அதிகாலையைக் கேளுங்கள்.

ஆயினும் என் பரிந்துரை, எதிரொலி குறைந்த பதிவுக்கூடமே. கல் ஆலயத்தின் எதிரொலி அழகானதுதான். ஆனால் அந்த எதிரொலி பதிவுக்குள் கலந்துவிட்டால், வேகத்தை மாற்றும்போது அதுவும் சேர்ந்து நீண்டு, இடமே பொய்யாகத் தோன்றும். உலர்ந்த குரலாகப் பதிவு செய்துவிட்டு, ஆலயத்தின் எதிரொலியைக் கடைசியில் சேர்ப்பது எளிது. கலந்த எதிரொலியைப் பிரித்தெடுப்பது மிகக் கடினம்.

7. பதிவு நாளில் பின்பற்ற வேண்டிய வரிசை

முழு நாளையும் வாடகைக்கு எடுக்காதீர்கள். மூன்று மணி நேரத்துக்கு மேல் குரல் தாங்காது. ஐம்பது நிமிடத்துக்கு ஒருமுறை ஓய்வு வேண்டும். குரல் புதிதாக இருக்கும்போதே 96 தட்டில் பாடும் உயர்ந்த சுருதிப் பதிவை முடித்துவிடுங்கள். தாழ்ந்த சுருதிப் பதிவைப் பிறகு வைத்துக்கொள்ளலாம்.

பாட்டு இடையறாமல் ஒலிக்க வேண்டும் என்பதால், மூச்சை முறைவைத்து எடுக்கப் பழக்குங்கள். 72 தட்டில் நான்கு தட்டுக் கொண்ட ஓர் அடி மூன்று வினாடிக்குச் சற்று அதிகம். நான்கு அடியை ஒரே மூச்சில் பிடிப்பது பலருக்குக் கடினம். பக்கத்தில் நிற்பவர் மூச்சு வாங்கும்போது நீங்கள் வாங்கக் கூடாது, சொல்லின் முடிவில் வாங்கக் கூடாது, திரும்பச் சேரும்போது மெல்லச் சேர வேண்டும் என்ற மூன்று கட்டளைகளே போதும். இதைச் சரியாகச் செய்தால், கேட்பவருக்கு எங்கே தொடங்கியது, எவ்வளவு நேரம் ஆனது என்ற கணக்கே தவறிவிடும். காலம் வளைவதாக நம்ப வைப்பதில் எந்தக் கருவியையும்விட இதற்குத்தான் நான் முதலிடம் தருவேன்.

எட்டுப் பேரை மும்முறை பாட வைத்து இருபத்துநான்கு பேராகக் காட்டலாம். ஆனால் மூன்று முறையும் அதே இடத்தில், அதே ஒலிவாங்கி முன் நின்றால் ஒலி குழைந்து மெலியும். ஒவ்வொரு முறையும் நிற்கும் இடத்தை மாற்றுங்கள். முடிந்தால் ஆல்ட்டோவும் (சோப்ரானோவுக்கு அடுத்த தாழ்ந்த குரல்) சோப்ரானோவும் பாடும் பகுதியை மாற்றிக்கொள்ளட்டும்.

மணி, மழை, காலடி போன்று மெதுவாக்கப்பட வேண்டிய சத்தங்களை 96 கிலோஹெர்ட்ஸ், 24 பிட்டில் பதிவு செய்யுங்கள். பாதி வேகத்துக்கு இறக்கினாலும் மேற்சுருதித் தெளிவு குன்றாது. கிளம்பும் முன், யாரும் பேசாமல் அறையின் அமைதியை ஒரு நிமிடம் பதிவு செய்துகொள்ளுங்கள். தொகுக்கும்போது வெட்டிய இடங்களை ஒட்ட அது இல்லாமல் முடியாது.

8. செலவைப் பிரித்து எழுதுங்கள்

கூலியும் வாடகையும் ஊருக்கு ஊர் மாறும் என்பதால் தொகை சொல்வதைவிட இனங்களைச் சொல்கிறேன்: பாடகர்களின் மதிப்பூதியம், போக்குவரத்து, உணவு, இசையமைப்பு, ஒத்திசை அமைப்பு, பதிவுக்கூட வாடகை, ஒலிப் பொறியாளர், தொகுப்பும் கலவையும், வழக்கறிஞர், அரசுக் கட்டணம். புதியவர்கள் பதிவுக்கூட வாடகையைப் பெரிதாக நினைத்துக்கொண்டு தொகுப்பைக் கணக்கில் எடுப்பதில்லை. காலம் வளையும் கதையில் ஒவ்வொரு காட்சியிலும் இரண்டு வேகங்கள் அடுக்கப்படுவதால், தொகுப்புக்குத்தான் அதிகம் ஆகும். பொறியாளரிடம் மணிக்கணக்கில் பேசாமல், முடிந்த நிமிடத்துக்கு இவ்வளவு, திருத்தங்கள் இத்தனை முறை என்று பேசி எழுதிக்கொள்ளுங்கள். மொத்தத்தில் கால் பங்கைத் தொடாமல் ஒதுக்கி வையுங்கள்.

9. பதிப்புரிமையைப் பதிவு செய்தல்

பதிவு கட்டாயமில்லை, படைத்த உடனேயே உரிமை பிறந்துவிடுகிறது. ஆனால் வழக்கு என்று வந்தால் பதிவுச் சான்று நல்ல ஆதாரமாக நிற்கும். புது டெல்லியில் உள்ள பதிப்புரிமை அலுவலகத்துக்கு இணையம் வழியாகவே படிவம் 14 இல் விண்ணப்பிக்கலாம். நாடகப் பிரதிக்கு 500 ரூபாய், இசைப் படைப்புக்கு 500 ரூபாய், ஒலிப்பதிவுக்கு 2,000 ரூபாய் எனத் தனித்தனி விண்ணப்பம், தனித்தனிக் கட்டணம். விண்ணப்பம் தள்ளுபடியானால் பணம் திரும்பாது. பாடலைத் தனியாகவும் வெளியிடும் எண்ணம் இருந்தால், அதன் வரிகளுக்கு மற்றொரு 500 ரூபாய் கட்டித் தனியாகப் பதிவு செய்வது நல்லது.

அடையாளச் சான்று, படைப்பின் நகல், விண்ணப்பதாரரும் படைத்தவரும் வேறு வேறு ஆட்களாக இருந்தால் படைத்தவரின் மறுப்பின்மைக் கடிதம், வழக்கறிஞர் வழி அனுப்பினால் அதிகாரப் பத்திரம் ஆகியவற்றைத் தயாராக வைத்திருங்கள். ஆதாரில் இருக்கும் பெயர் எழுத்துகளும் ஒப்பந்தத் தாளில் உள்ள பெயர் எழுத்துகளும் ஒன்றாக இருக்கிறதா என்று பாருங்கள். தந்தை பெயரின் முதலெழுத்து முன்னே ஒன்றில், பின்னே ஒன்றில் என்று இருப்பது நம் ஊரில் சகஜம். அலுவலகத்திலிருந்து விளக்கம் கேட்கும் கடிதம் பெரும்பாலும் இத்தகைய சிறு முரண்பாடுகளால்தான் வருகிறது.

விண்ணப்பித்ததும் டைரி எண் கிடைக்கும். அதன் பிறகு எதிர்ப்பு ஏதும் வருகிறதா என்று பார்க்க 30 நாட்கள் கட்டாயக் காத்திருப்பு உண்டு. ஆய்வு அதற்குப் பிறகே தொடங்கும். விளக்கம் கேட்டு வரும் கடிதத்துக்குக் குறித்த நாளுக்குள் பதில் அனுப்பாவிட்டால் கட்டிய பணமும் காத்திருந்த மாதங்களும் வீண். மின்னஞ்சலின் தேவையற்றவை பெட்டியையும் வாரம் ஒருமுறை பாருங்கள்.

10. வெளியிடும் முன்

நாடகத்தை விலை உயர்ந்த ஒலிபெருக்கியில் மட்டும் கேட்டுவிட்டு அனுப்பிவிடாதீர்கள். பெரும்பாலானவர்கள் பேருந்தில், ஒற்றைக் காதுக் கருவியில் கேட்பார்கள். தாழ்ந்து இறங்கிய மணியின் அடிச் சுருதி சிறு ஒலிபெருக்கிகளில் கேட்காமலே போகலாம். அதன் மேற்சுருதிகளைச் சற்று உயர்த்தி வைத்தால் கேட்கும். பேச்சுக் காட்சிக்கும் பாட்டுக்கும் இடையே கேட்பவர் ஒலியளவைத் திருப்பிக்கொண்டே இருக்க நேரக் கூடாது.

நாடகத்தின் இறுதியில் பாடியவர்கள் எல்லோருடைய பெயரையும் குரலில் சொல்லுங்கள். குழுவின் பெயரை மட்டும் சொல்லி முடித்துவிட வேண்டாம். தனித்தனித் தடங்கள், சுரத் தாள்கள், கையெழுத்திட்ட ஒப்பந்தங்களின் வருடி நகல்கள் ஆகிய மூன்றையும் இரண்டு வெவ்வேறு இடங்களில் சேமித்து வையுங்கள். ஒப்பந்தத்தில் எழுதிய முடிவுத் தேதியையும் நாட்காட்டியில் குறித்துக்கொள்ளுங்கள்.